காலுக்குக் கேட்காத டமாரம்

அவனுக்கு டமாரம் என்று பெயர் வைத்தது நான்தான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏதோ நடுநிலையோடு பேசுகிறேன் என்று நினைத்து நீங்கள் ஏமாற வேண்டாம். ஒன்பது வருடம் ஒரே அறையில், ஒரே மேசையின் இரண்டு முனைகளில் அவனும் நானும் வேலை பார்த்தோம். அவன் தனக்குத்தானே சூட்டிக்கொண்ட பெயர் வேறு: அதிர்வேந்தன். விசிட்டிங் கார்டில் அப்படித்தான் அச்சடித்திருந்தான். கீழே பொடி எழுத்தில் ‘மின்னிசைத் தாள வல்லுநர்’. வேந்தனுக்குப் பெரிய எழுத்து, வல்லுநருக்குச் சின்ன எழுத்து. அந்த அட்டை உண்மை பேசியது அந்த ஒரு விஷயத்தில்தான்.

எங்கள் ஸ்டூடியோ ஒரு டயர் கடைக்கு மேல் இரண்டாவது மாடியில் இருந்தது. உடற்பயிற்சிக் கூடங்கள், நடன வகுப்புகள், விளம்பரங்கள் ஆகியவற்றுக்குக் கம்ப்யூட்டரிலேயே இசை செய்து கொடுப்போம். வாத்தியக்காரர் யாரும் படியேறி வரமாட்டார். முதலாளி மெட்டுப் போடுவார், டமாரம் தாளத்தைப் பார்ப்பான், நான் பேச்சு, குரல் எல்லாம் பதிவு செய்துவிட்டுக் கடைசியில் எல்லாவற்றையும் சமன்செய்து முடித்துக் கொடுப்பேன்.

இந்தத் தாளத்தில் எந்தத் தோலையும் யாரும் தட்டுவதில்லை. ஒரு மெல்லிய ஒலியை எடுத்து, கண் இமைக்கும் நேரத்துக்குள் மேலிருந்து கீழே சறுக்கவிட்டால் ‘தும்’ என்று ஒரு அடி விழும். அதுதான் கிக். குக்கர் ஆவி சீறுகிற மாதிரி ஒரு இரைச்சலை எடுத்துச் சட்டென்று கத்தரித்தால் ‘சிக்’ என்று ஹை-ஹாட். அதே இரைச்சலுக்கு அடியில் ஒரு கனத்த ஒலியை வைத்துக் கொஞ்சம் உடம்பு கொடுத்தால் ஸ்னேர். செய்வது ஒன்றும் பெரிய வித்தையில்லை. எல்லாவற்றையும் ஒன்றாகக் கலக்கும்போதுதான் வேலை ஆரம்பிக்கிறது. கிக்கும், பாட்டுக்கு அடியில் ஓடுகிற கனத்த பேஸ் ஒலியும் ஒரே இடத்துக்கு அடித்துக்கொள்ளும், ஸ்னேர் பாட்டை மிதிக்கும், ஹை-ஹாட் காதைக் குடையும். எதை எங்கே உட்காரவைப்பது, எதை எழுப்பிவிடுவது என்று தெரிந்தவன்தான் மிக்ஸிங் செய்கிறவன். டமாரத்துக்கு அது தெரியாது. தெரியாமலேயே பதினெட்டு வருடம் அதில் பிழைத்தான். அதுதான் அவனுடைய ஒரே சாதனை.

அவன் அப்பா பள்ளிக்கூடத்தில் மணியடிக்கும் பியூன். அந்தக் குடும்பத்தில் நேரத்துக்கு அடித்த ஒரே ஆள் அவர்தான். மகன் படிப்பை விட்டுவிட்டுப் பத்தொன்பது வயதில் ஒரு ஸ்பீக்கர் கடையில் விற்பனைக்குச் சேர்ந்தான். தொழில் ரகசியம் என்று பின்னாளில் அவன் அளந்த அத்தனைக்கும் ஊற்று அங்கேதான். வாடிக்கையாளர் வந்தால் ஒரே பாட்டை இரண்டு ஸ்பீக்கரில் போட்டுக் காட்டுவான். எதை விற்க வேண்டுமோ அதன் சத்தத்தை மட்டும் ஒரு சுற்றுக் கூட்டி வைத்திருப்பான். மனிதக் காது லேசில் ஏமாறுகிற உறுப்பு. ஒரே பாட்டைக் கொஞ்சம் சத்தமாக வைத்தால் போதும், ‘இதுதான் சுத்தமா இருக்கு’ என்று சொல்லிவிடும். இந்த ஒரு சங்கதியை வைத்துக்கொண்டு ஆறு வருடம் ஊர்க் காதில் எல்லாம் பூச்சுற்றினான். ஏழாவது வருடம் எங்கள் முதலாளி அந்தக் கடைக்குப் போனார். ஸ்பீக்கர் வாங்கப் போன மனிதர், ஸ்பீக்கரோடு அதை விற்றவனையும் வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்துவிட்டார். நான் அங்கே சேரும்போது அவன் ஒன்பது வருடப் பழைய ஆள்.

ஸ்டூடியோவில் அவன் வேலை செய்வதைப் பார்க்க வேண்டும். எதிரே வாடிக்கையாளர் உட்கார்ந்திருப்பார். இவன் கண்ணை மூடுவான். நெற்றியைச் சுருக்குவான்.

“சார், கவனிச்சீங்களா? கிக்கு மூச்சுத் திணறுது.”

ஜிம் நடத்துகிறவருக்கு என்ன தெரியும்? “ஆமா சார், லேசா திணறுது,” என்பார்.

“மூச்சு விட வைக்கலாமா?”

வலது கையால் ஏதோ ஒரு குமிழைத் தொட்டு ஒரு மயிரிழை திருப்புவான். அதே நேரத்தில் மேசைக்குக் கீழே இடது கை போய் மொத்தச் சத்தத்தையும் ஒரு சுற்றுக் கூட்டிவிடும்.

“இப்ப?”

“அட! எங்கயோ போயிடுச்சு சார்!”

மேசையின் என் முனையிலிருந்து பார்த்தால் அந்த இடது கை நன்றாகத் தெரியும். ஒன்பது வருடம் பார்த்தேன். வாடிக்கையாளர் கிளம்பியதும் அவன் கிளம்பிவிடுவான். நான் அந்தக் கூளத்தை எல்லாம் பிரித்து, ஆறு கிக்கில் ஐந்தைத் தூக்கி எறிந்து, பேஸுக்கு வழிவிட்டு, மனிதர்கள் கேட்கிற மாதிரி ஆக்கி அனுப்புவேன். மறுநாள் பாராட்டு வரும். அவன் வாங்கிக்கொள்வான். முதலாளி இரண்டு பேரையும் பார்த்துத் தலையாட்டுவார்.

அவன் மனைவியை அண்ணி என்றுதான் கூப்பிடுவேன். அண்ணியை அண்ணி என்று கூப்பிட்டுக்கொண்டே அவனை ஒரு தடவைகூட அண்ணன் என்று கூப்பிடாமல் காலம் தள்ளியதில் எனக்குக் கொஞ்சம் பெருமை உண்டு. அண்ணிக்கு மூக்குக் கண்ணாடிக் கடையில் வேலை. கண்ணாடி வில்லைகளை அளவெடுத்துச் சட்டத்தில் பொருத்துவது. ஒரு தடவை அவர்கள் வீட்டுக்குப் போனபோது சொன்னார்: “எங்க வேலைல பேசித் தப்பிக்க முடியாது தம்பி. மையம் ரெண்டு மில்லிமீட்டர் நகர்ந்தா, போட்டுக்கிட்டவங்க மறுநாளே தலைவலின்னு வந்து நிப்பாங்க.” சொல்லும்போது அவர் டமாரம் இருந்த உள் அறைப் பக்கம் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் எனக்குச் சிரிப்பு வந்திருக்கும்.

இரண்டே அறை வீடு. அதில் ஒன்றை டமாரம் ‘ஆய்வுக்கூடம்’ ஆக்கிவிட்டான். சுவர் முழுக்க முட்டை அட்டைகளை ஒட்டியிருந்தான். அவ்வளவு அட்டை சேர்வதற்காக அந்த வீட்டில் ஆறு மாதம் இரண்டு வேளையும் முட்டை. முட்டை அட்டை சத்தத்தைத் தடுக்காது; தடுக்கிற மாதிரி தெரியும், அவ்வளவுதான். அவனுக்கு அது போதும். அண்ணி துணி மடிப்பது, தூங்குவது, கணக்குப் புத்தகத்தோடு மல்லுக்கட்டும் மகளுக்குச் சொல்லிக்கொடுப்பது எல்லாம் அடுப்படியை ஒட்டிய மற்ற அறையில்.

இப்படியே போயிருக்கும். காது கேளாத பிள்ளைகளின் பள்ளியிலிருந்து அந்த வேலை வராமல் இருந்திருந்தால்.

ஒரு புதன்கிழமை காலை பள்ளியின் நடன டீச்சர் தன் தங்கையோடு வந்தார். டீச்சருக்குப் பிறவியிலிருந்தே காது கேட்காது. தங்கைக்குக் கேட்கும், அக்கா கையால் சொல்வதை வாயாலும், நாங்கள் வாயால் சொல்வதைக் கையாலும் மாற்றிச் சொல்ல வந்திருந்தார். விஷயம் இதுதான். பள்ளி அரங்கத்தில் பலகைத் தரை. அதன்மேல் பெரிய பேஸ் ஸ்பீக்கரைக் கவிழ்த்து வைத்துவிட்டால், அடி பலகை வழியாக வரும். பதினைந்து பிள்ளைகள் வெறுங்காலோடு அதன்மேல் நின்று ஆடப்போகிறார்கள். ஐந்து வாரத்தில் ஆண்டு நிகழ்ச்சி. அதற்கு ஏழு நிமிட இசை வேண்டும்.

டீச்சர் எழுந்துவந்து என் ஸ்பீக்கரின் கூம்பில் உள்ளங்கையை வைத்துப் பார்த்தார். பிறகு கையால் ஏதோ சொன்னார்.

தங்கை சொன்னார்: “இப்படித்தான் வரணுமாம். ஆனா ஒவ்வொரு அடியும் தனித்தனியா தெரியணும். எல்லாம் சேர்ந்து நடுங்கினா பசங்களுக்குக் கணக்கு விட்டுப்போயிடும்னு சொல்றாங்க.”

இவ்வளவு தெளிவாக எங்களிடம் வேலை சொன்னவர் அதுவரை யாருமில்லை. டமாரம் விடுவானா? அதிர்வு என்பது என்ன, ஆதியில் ஒலி எப்படிப் பிறந்தது, தன் கிக் எந்தெந்த ஊர்களில் எந்தெந்தச் சுவர்களை ஆட்டியது என்று கால் மணி நேரம் அவிழ்த்துவிட்டான். தங்கை பாவம், கை வலிக்க வலிக்கச் சொல்லிக்கொண்டிருந்தார். நடுவில் டீச்சர் ஏதோ கேட்டார். தங்கை முகம் சிவந்துவிட்டது.

“என்னவாம்?” என்றான் இவன்.

“இல்ல சார்... எப்ப ஆரம்பிப்பீங்கன்னு கேக்கறாங்க.”

அக்கா உண்மையில் கேட்டதைத் தங்கை எனக்குப் பிற்பாடு சொன்னார்: ‘இந்த ஆள் இன்னும் ஒண்ணுமே சொல்லலையே, நீ எதைச் சொல்லிக்கிட்டிருக்க?’

அவர்கள் படியிறங்கியதும் டமாரம் நாற்காலியைச் சாய்த்துக்கொண்டு சிரித்தான். “காதே கேக்காதவங்களுக்கு மிக்ஸிங் எதுக்குடா? தகர டப்பாவைத் தட்டிக் குடுத்தாலும் ஆடுவாங்க.” அடுத்த நொடியே, “பத்திரிகைக்காரங்க வருவாங்க. இது முழுக்க என் வேலை. நீ இதுல கை வைக்கக் கூடாது,” என்றான். முதலாளியிடமும் போய் அதையே சொன்னான். அவரும் தலையாட்டினார்.

ஆக, அவன் போட்டதை நான் பிரித்துச் சரிசெய்யாத முதல் வேலை அது.

மூன்று வாரம் ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். ஒன்றன்மேல் ஒன்றாக ஆறு கிக்குகளை அடுக்கினான். போதாதென்று, ஒலியை அகலப்படுத்துகிற ஒரு மென்பொருளை வாங்கி அதன்மேல் போட்டான். அது செய்வது எளிய தந்திரம். இடது பக்கத்து ஒலி முன்னால் தள்ளும்போது வலது பக்கத்து ஒலியைப் பின்னால் இழுக்கவைக்கும். ஹெட்ஃபோனில் கேட்டால் இரண்டும் இரண்டு காதுக்கும் தனித்தனியாகப் போவதால் தலையே இரண்டு பங்கு பெரிதான மாதிரி இருக்கும். (அவனுக்கு அது ஏற்கெனவே அப்படித்தான்.) ஆனால் அரங்கத்தில் பேஸ் ஸ்பீக்கருக்கு இரண்டு பக்கமும் ஒன்றாகச் சேர்ந்துதான் போகும். ஒரு கதவை உள்ளேயிருந்து ஒருவரும் வெளியேயிருந்து ஒருவரும் ஒரே பலத்தோடு தள்ளினால் கதவு அசையுமா? அசையாது. அந்தக் கிக்கும் அப்படித்தான். அடிப்பகுதி முழுக்க ஒன்றையொன்று தின்றுவிடும். மேலே இருக்கிற ‘டிக்’ மட்டும் மிஞ்சும்.

எனக்கு அது திரையைப் பார்த்தபோதே தெரிந்தது. ஒரே ஒரு தடவை வாய் திறந்தேன்.

“கிக்க ஒரு தடவ மோனோல, ரெண்டு பக்கத்தையும் ஒண்ணாச் சேத்துப் போட்டுக் கேளேன்.”

ஹெட்ஃபோனை ஒரு காதிலிருந்து மட்டும் நகர்த்தினான். “நீ பேச்சு ரெக்கார்ட் பண்றவன். தாளத்துல எல்லாம் மூக்க நுழைக்காத.”

சரி என்று விட்டுவிட்டேன். விட்டபோது எனக்குள் ஒரு கேடுகெட்ட சந்தோஷம் இருந்தது. அதையும் மறைக்கவில்லை.

ஒத்திகை ஒரு சனிக்கிழமை காலை பத்து மணிக்கு. நானும் போயிருந்தேன், ஒயர் மாட்டிக் கொடுக்க. அரங்கத்தில் மெழுகு பூசிய பலகை வாசனை. பதினைந்து பிள்ளைகளும் இரண்டு வரிசையாக வெறுங்காலோடு நின்றார்கள். டமாரம் மேடைக்குப் பக்கத்தில் கம்ப்யூட்டர் முன்னால் கையைக் கட்டிக்கொண்டு நின்று, தலையால் ஜாடை காட்டினான். நான் ஓட்டினேன்.

மேலே தொங்கிய ஸ்பீக்கர்களிலிருந்து ‘சிக் சிக் டிக் சிக்’ என்று கொட்டியது. கேட்கிற எங்களுக்குத் தாளம் நடப்பது தெரிந்தது. டீச்சரின் தங்கை தலையைக்கூட ஆட்டினார். பிள்ளைகள் தங்கள் பாதங்களைப் பார்த்தார்கள். பிறகு பக்கத்துப் பாதங்களைப் பார்த்தார்கள். யாரும் அசையவில்லை. முன் வரிசையில் இரட்டைச் சடை போட்ட ஒருத்தி மண்டியிட்டு உள்ளங்கையைப் பலகையில் வைத்தாள். போதவில்லை என்று கன்னத்தை வைத்துப் பார்த்தாள். எழுந்து டீச்சரைப் பார்த்து இல்லை என்று தலையசைத்தாள்.

“பலகை சரியில்ல,” என்றான் டமாரம். “பழைய மரம். மரம் அடியக் குடிக்குது.”

டீச்சர் கையால் சொல்ல, தங்கை சொன்னார்: “போன வருஷமும் இதே பலகைதானாம் சார். நல்லா வந்துச்சாம்.”

“அப்ப சத்தத்தக் கூட்டு.”

கூட்டினேன். ஜன்னல் கண்ணாடி நடுங்கியது. தங்கை காதைப் பொத்திக்கொண்டார். எதற்குப் பொத்துகிறாய் என்று டீச்சர் ஆச்சரியமாகப் பார்த்தார். பிள்ளைகள் நின்ற இடத்திலேயே நின்றார்கள்.

அப்போது அவன் தன் பழைய வித்தையைக் கையில் எடுத்தான். கண்ணை மூடினான். நெற்றியைச் சுருக்கினான். வலது கை ஒரு குமிழைத் தொட்டது. இடது கை மெதுவாகப் போய்ச் சத்தத்தை இன்னும் ஒரு சுற்றுக் கூட்டியது.

“இப்ப?”

தங்கை அதைக் கையால் சொன்னார். பதினைந்து தலைகள் ஒன்றாக இடமும் வலமும் ஆடின.

பதினெட்டு வருடத்தில் அவனுக்கு அந்தக் கேள்விக்கு இல்லை என்று பதில் வந்தது அதுதான் முதல் தடவை. அவன் வாயை வைத்துப் பிழைத்தவன். இங்கே அந்த வாய் எடுபடவில்லை. ஆனாலும் பேசினான். மரத்தைப் பற்றி, ஈரப்பதத்தைப் பற்றி, பிள்ளைகளின் பாதம் இன்னும் பக்குவப்படாததைப் பற்றி. தங்கை சொல்வதை நிறுத்திவிட்டார். இரட்டைச் சடைக்காரி பின்னால் திரும்பி, வலது கையை வாய்க்குப் பக்கத்தில் கொண்டுபோய், விரல்களையும் கட்டைவிரலையும் வாத்து அலகு மாதிரி திறந்து திறந்து மூடினாள். வரிசை முழுக்கச் சிரிப்பு.

“என்ன சொல்றா?”

தங்கை நல்ல மனுஷி. யாரையும் நோகடிக்கத் தெரியாதவர். “அது... உங்க பேரு சார். பசங்க எல்லாருக்கும் கையாலயே ஒரு பேரு வெச்சிருவாங்க.”

“எனக்கா? என்ன அர்த்தம்?”

“அது வந்து... தாளத்துலயே இருக்கறவர்னு.”

டமாரத்தின் முகம் மலர்ந்ததைப் பார்க்க வேண்டுமே! அவனும் ஒரு தடவை அலகைத் திறந்து மூடிப் பார்த்துக்கொண்டான்.

டீச்சர் நேராக என்னிடம் வந்தார். தங்கையைக் கூப்பிட்டு ஏதோ சொன்னார். “உங்களுக்கு ஏதோ தெரியும்போல, உங்களக் கேக்கச் சொல்றாங்க,” என்றார் தங்கை.

“மூணு மணி நேரம் குடுங்க,” என்றேன்.

“குடுக்கலாம், குடுக்கலாம். என்ன செய்யணும்னு நான் பக்கத்துல இருந்து சொல்றேன்,” என்றான் டமாரம். அதற்குள் அவனுக்குப் போன் வந்துவிட்டது. பத்திரிகைக்காரர். பேசிக்கொண்டே வெளியே போனான்.

அந்த மூன்று மணி நேரம்தான் நான் ஒழுங்காக வேலை பார்த்த நேரம் என்று இப்போதும் நினைக்கிறேன். டீச்சர் செருப்பைக் கழற்றிவிட்டுப் பலகையின் நடுவில் போய் நின்றார். நான் ஆறு கிக்கையும் தூக்கிக் கடாசிவிட்டு ஒன்றே ஒன்றைப் புதிதாகச் செய்தேன். இடமும் வலமும் ஒரே மாதிரி தள்ளும்படி வைத்தேன். மிகத் தாழ்ந்த ஒலியிலிருந்து ஆரம்பித்து ஒவ்வொரு படியாக மேலே ஏற்றினேன். எந்த இடத்தில் பலகை உள்ளங்காலுக்குப் பதில் சொல்கிறதோ அங்கே அவர் விரலைத் தூக்கினார். அந்த இடத்தில் கிக்கை உட்கார வைத்தேன். உடனே உதட்டைப் பிதுக்கினார்.

“இழுக்குதாம்,” என்றார் தங்கை. “அடி முக்கியமில்லயாம். ரெண்டு அடிக்கு நடுவுல பலகை அடங்கணுமாம். அடங்கினாத்தான் அடுத்தது தெரியும்ங்கறாங்க.”

கிக்கின் வாலை நறுக்கினேன். ஒவ்வொரு அடி விழும்போதும் பேஸ் தானாகத் தலைகுனிந்து ஒதுங்கும்படி செய்தேன். ஸ்னேரின் இரைச்சலை ஓரங்கட்டிவிட்டு அதன் உடம்பை மட்டும் கொஞ்சம் கூட்டினேன். அது காலில் கூச்சம் மாதிரி வருகிறது என்று டீச்சர் சிரித்தார். ஹை-ஹாட்டால் அவர்களுக்கு ஒரு பிரயோசனமும் இல்லை. பார்க்க வருகிற எங்கள் மாதிரி ஆட்களுக்காக அதைப் பேருக்கு விட்டுவைத்தேன். இவ்வளவுக்கும் நான் ஒரு தடவைகூடக் கண்ணை மூடவில்லை, நெற்றியையும் சுருக்கவில்லை.

ஒன்றரை மணிக்குப் பிள்ளைகள் திரும்ப வந்து நின்றார்கள். ஓட்டினேன். இரட்டைச் சடைக்காரியின் புருவம் உயர்ந்தது. நாலாவது அடியில் முப்பது பாதங்களும் ஒன்றாக இறங்கின. நான் அதற்குமேல் திரையைப் பார்க்கவில்லை.

டமாரம் போனைப் பையில் போட்டுக்கொண்டே உள்ளே வந்தான். பார்த்தான்.

“நான் சொல்லல? மரம் சூடேற நேரமாகும்னு.”

நிகழ்ச்சி ஒரு ஞாயிறு மாலை. அரங்கம் நிறைந்திருந்தது. பிள்ளைகளின் அப்பா அம்மாக்கள், அவர்களிலும் பாதிப் பேர் காது கேளாதவர்கள். முன்வரிசையில் முதலாளி. மூன்றாவது வரிசையில் அண்ணியும் மகளும். அவர்களுக்குப் பின்னால் நான். நிகழ்ச்சித் தாளில் ‘அதிர்வு: அதிர்வேந்தன்’ என்று போட்டிருந்தது. என் பெயர் ஒயர் மாட்டியவர்கள் பட்டியலில் இருந்தது.

பிள்ளைகள் ஏழு நிமிடம் ஆடினார்கள். ஒரு கால் பிசகவில்லை. அதைப் பற்றி நான் என்ன எழுதினாலும் குறைவாகத்தான் இருக்கும், விட்டுவிடுகிறேன்.

முடிந்ததும் டமாரம் மைக்கைப் பிடித்தான். யாரும் அவனைக் கூப்பிடவில்லை. புதுக் கோட்டு போட்டிருந்தான். “என்னோட கிக்கு இந்தக் குழந்தைகளுக்குக் காது குடுத்திருக்கு,” என்று ஆரம்பித்தான். தங்கை மேடை ஓரத்தில் நின்று கையால் சொல்லிக்கொண்டிருந்தார். இரண்டு நிமிடம் போனது. மேடைக்குக் கீழேயிருந்து டீச்சர், போதும், கையை ஏன் வலிக்கவைத்துக்கொள்கிறாய் என்று ஜாடை காட்டினார். தங்கை கையைக் கட்டிக்கொண்டு சும்மா நின்றார். பாதி அரங்கத்துக்கு அந்த நொடியோடு பேச்சு முடிந்தது. ஒரு ஆள் வாயைத் திறந்து திறந்து மூடுவது மட்டும்தான் அவர்களுக்குத் தெரிந்தது.

மேடையில் உட்கார்ந்திருந்த இரட்டைச் சடைக்காரி கையைத் தூக்கினாள். அலகு திறந்து மூடியது. பக்கத்தில் இருந்தவனும் தூக்கினான். பதினைந்து பிள்ளைகளும் தூக்கினார்கள். கீழே அப்பா அம்மாக்களுக்கு விஷயம் புரிந்து, வரிசை வரிசையாகக் கைகள் எழுந்தன. நூறு அலகுகளாவது இருக்கும்.

டமாரம் பேச்சை நிறுத்தினான். கண் கலங்கிவிட்டது. மைக்கைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, இரண்டு கைகளையும் உயர்த்தி, அவனும் திறந்து திறந்து மூடினான். இடது பக்கம் காட்டினான், நடுவில் காட்டினான், வலது பக்கம் காட்டினான். முன்வரிசையில் முதலாளியும் எழுந்து நின்று அப்படியே செய்தார். பத்திரிகைக்காரர் படம் எடுத்தார்.

நான் வயிறு வலிக்கச் சிரித்தேன். எனக்கு முன்னால் அண்ணியின் முதுகு அசையவில்லை. அவர் பக்கத்தில் இருந்த பெண்மணியிடம் குனிந்து ஏதோ கேட்டார். அந்த அம்மாள் மகிழ்ச்சியாக விளக்கிச் சொன்னதையும் பார்த்தேன். அண்ணி மகளின் கையை மெதுவாக இறக்கிவிட்டார். பெண் அப்பாவோடு சேர்ந்து அலகைத் திறந்து மூடிக்கொண்டிருந்தாள்.

இதோடு அவன் மூக்கு உடைந்தது, மூட்டையைக் கட்டினான் என்று நான் எழுதினால் உங்களுக்குத் திருப்தியாக இருக்கும். எனக்கும்தான். ஆனால் நடந்தது அதுவல்ல. பத்திரிகையில் படம் வந்தது. இரண்டு கை அலகோடு, கலங்கிய கண்ணோடு. இரண்டே மாதத்தில் வேலையை விட்டுவிட்டுப் பழக்கடைத் தெருவில் சொந்தமாக ஒரு பயிற்சி நிலையம் திறந்தான். ‘காலால் கேட்கும் மிக்ஸிங்’ என்று பலகை. அந்த அலகுதான் சின்னம். ஒவ்வொரு வகுப்பு முடிந்ததும் மாணவர்கள் வரிசையாக நின்று அதைக் காட்டிப் படம் எடுத்துக்கொள்கிறார்கள். உள்ளே என்ன சொல்லித்தருகிறான் என்று போய்க் கேட்ட ஒருவன் சொன்னான்: கிக்கு மூச்சு விடணுமாம். இடம் கிடைப்பதில்லை, காத்திருப்புப் பட்டியல் வைத்திருக்கிறான். பள்ளிக்காரர்கள் மட்டும் அவனைத் திரும்பக் கூப்பிடவில்லை. வருடத்துக்கு இரண்டு தடவை என்னைக் கூப்பிடுகிறார்கள்.

நாலைந்து மாதம் கழித்து ஒரு சாயங்காலம் பேருந்து நிறுத்தத்தில் அண்ணியைப் பார்த்தேன். கடையிலிருந்து வந்துகொண்டிருந்தார். கையில் சாப்பாட்டுப் பை. நலம் விசாரித்துக்கொண்டோம். மகள் எட்டாவது போய்விட்டாள். பயிற்சி நிலையம் நன்றாகப் போகிறது. அண்ணி பையைக் கை மாற்றிக்கொண்டார்.

“ஒண்ணு கேக்கணும். உண்மையச் சொல்லணும்.”

“கேளுங்க அண்ணி.”

“அவருக்கு இந்த வேலை தெரியுமா?”

இந்தக் கேள்விக்கு நான் எத்தனையோ தடவை மனசுக்குள் பதில் தயார் செய்து வைத்திருந்தேன். நீளமான, ருசியான பதில்கள். வந்தது ஒன்றுதான்.

“தெரியாது அண்ணி.”

அவர் தலையாட்டினார். ஆச்சரியப்படவில்லை. “நீங்க வேலைக்குச் சேர்ந்த முதல் மாசமே எனக்குத் தெரியும். பாட்டு நல்லா வந்த அன்னிக்கெல்லாம் அவரு உங்களத் திட்டிக்கிட்டே வீட்டுக்கு வருவாரு. அதுலயே புரிஞ்சுபோச்சு.”

நான் சிரிக்கப் பார்த்தேன். அவர் சிரிக்கவில்லை.

“அவர் பொய்யி எனக்குப் பழகிப்போச்சு. சமைக்கறப்ப புகை பழகற மாதிரி. உங்களத்தான் எனக்குப் புரியல. ஒம்பது வருஷம் பக்கத்துலயே உக்காந்திருந்தீங்க. ஒரு நாள், ஒரே ஒரு நாள், அவரத் தனியாக் கூப்பிட்டு, இது தப்பு, இப்படிச் செய்யணும்னு உக்கார வெச்சு சொல்லியிருக்கலாமில்ல? கத்துக்கிட்டிருப்பாரோ என்னவோ. நீங்க சொல்லல. சாயங்காலம் வரைக்கும் காத்திருந்து, அவரு போனதும் சரிபண்ணி வெச்சீங்க. அப்பறம் வெளிய போய்ப் பேரு வெச்சீங்க.”

அந்தப் பெயர் அவர் காதுவரை போயிருக்கும் என்று நான் நினைத்ததே இல்லை.

பதில் சொல்ல வேண்டும் என்று வாயைத் திறந்தேன். அவன் கேட்டிருக்க மாட்டான் என்று சொல்லலாம். மோனோவில் போடு என்று ஒரு தடவை சொன்னேனே என்று சொல்லலாம். இரண்டும் உண்மைதான். ஆனால் அதைவிடப் பெரிய உண்மை ஒன்று உண்டு. இளக்காரமாகப் பார்க்க ஒருவன் பக்கத்திலேயே இருந்தால் நாம் எழுந்து நிற்காமலேயே உயரமாகிவிடுகிறோம். ஒன்பது வருடம் அந்த உயரத்தில் சுகமாக உட்கார்ந்திருந்தேன். அவன் கற்றுக்கொண்டிருந்தால் நான் எங்கே உட்காருவது?

இதை எல்லாம் அங்கே சொல்லவில்லை. அண்ணியின் பேருந்து வந்துவிட்டது. கூட்டம் அதிகம். பையை மார்போடு அணைத்துக்கொண்டு ஏறினார். ஜன்னல் பக்கம் இடம் கிடைத்ததா என்று பார்த்தேன், தெரியவில்லை.

அவன்மேல் எனக்கு இருக்கும் இளக்காரம் இன்னும் அப்படியேதான் இருக்கிறது. பழக்கடைத் தெரு வழியாகப் போகும்போதெல்லாம் அந்தப் பலகையைப் பார்த்து ஒரு தடவை உதட்டைச் சுழிக்காமல் என்னால் தாண்ட முடிவதில்லை. அன்றைக்குப் பிறகு எனக்கு எதிர்முனையில் உட்கார முதலாளி புதிதாக ஒரு பெண்ணை வேலைக்கு எடுத்தார். முதல் வாரமே அவள் கிக்கையும் பேஸையும் ஒன்றன்மேல் ஒன்றாக ஏற்றி வைத்திருந்தாள். மதியச் சாப்பாட்டுக்கு முன்னால் நாற்காலியை அவள் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டு, “இங்க பாரும்மா, இது இடிக்குது,” என்றேன். அவள் என்னை முறைத்தாள்.